தலைகீழாய் ஓடிய தையல் மெஷின்

தெருவில் எல்லோருக்கும் அவள் தையலக்கா. அவளைவிட மூத்தவர்கள்கூட அப்படித்தான் கூப்பிட்டார்கள். கல்யாணமாகி வந்த வருஷத்திலிருந்து முன்னறை ஜன்னலோரம் ஒரே மெஷின். கிழிந்த சட்டை, நீளமான பேன்ட், பொத்தான் போன சீருடை. சில்லறை வேலையிலேயே காலம் போய்விடும் என்று நினைத்திருந்தபோதுதான் ஆஸ்பத்திரியின் புது வார்டுக்குப் படுக்கை விரிப்பு தைக்கும் ஆர்டர் வந்தது.

"வார்டு திறக்கறதுக்குள்ள கொடுத்துட்டா, இனி எல்லா வார்டுக்கும் நீங்கதான்," என்றார் தலைமை நர்ஸ்.

அந்த ஊரில் சக்கரங்களை ஓட்டுவது வான்பெருக்கு. எங்கோ விண்மீன் கூட்டத்திலிருந்து கிளம்பும் நீல ஒளி, மூச்சு விடும் நேரத்துக்குள் ஊரைக் கடந்துவிடும். ஓரிடத்தில் பொருத்திய சக்கரம் எதுவானாலும், ஒளி தொடும்போது சுற்றிக்கொண்டிருந்தால் அடுத்த பெருக்கு வரை அதே திசையில் தானே சுற்றும். நின்றிருந்தால் ஊரே சேர்ந்து தள்ளினாலும் அசையாது. அடுத்தது எப்போது என்று வான் அலுவலகம் சொல்லும். சொன்னபடி வந்ததில்லை. பெருக்கு நெருங்கும்போது எல்லாச் சக்கரங்களும் தளர்ந்து நிற்கும், ஊர் சட்டென்று அடங்கிப்போகும். அவரவர் ஓடிப்போய்த் தங்கள் சக்கரத்தைக் கையால் சுற்ற வேண்டும்.

கொல்லையில் தண்ணீர்ப் பம்பின் சக்கரத்தைச் சுற்றிவிடுவது வீட்டுப் பெண்ணின் வேலை. அதனால் அவள் மெஷினை எப்போதும் வேறு யாராவதுதான் சுற்றினார்கள். நாத்தனார் இருந்தவரை அவள். அவள் வேலை கிடைத்து வெளியூர் போன பிறகு வந்த முதல் பெருக்கு, ஆர்டர் துணியை முன்னறை முழுக்க விரித்து வைத்திருந்த நாளில் வந்தது. கணவர் கணக்கு வாத்தியார், அப்போதுதான் குளித்துவிட்டு வந்திருந்தார்.

"சக்கரத்தைத் தன் பக்கமாச் சுத்தணும், மறந்துடாதீங்க," என்று கத்திவிட்டு அவள் கொல்லைக்கு ஓடினாள்.

திரும்பி வந்தபோது மெஷின் ஓடிக்கொண்டிருந்தது, தலைகீழாக. வெள்ளைத் துணியை ஈரக்காலால் மிதிக்கக் கூடாதே என்று, அவர் மேசைக்கு அந்தப் பக்கம் நின்று தன் பக்கமாகச் சுற்றியிருந்தார்.

"நீ சொன்னபடிதானே செஞ்சேன்."

"நான் உக்கார்ற பக்கம் எதுன்னு இத்தனை வருஷத்துல பார்த்ததே இல்லையா?"

அவர் துணியைப் பார்த்தார். "அழுக்காகலையே," என்றார்.

தலைகீழாக ஓடும் மெஷினில் ஒரு தையலும் விழாது. நூல் அறுந்து சிக்குப் போட்டது. நிறுத்தவும் வழியில்லை. விடியும்போதும் சாப்பிடும்போதும் டக்டக்கென்று வீட்டுக்குள் ஒரு வெட்டிச் சத்தம். எதிர்வீட்டுக்காரி வாசலில் நின்று, "தையலைப் பிரிக்கத்தான் புதுசா மெஷின் வாங்கியிருக்கியாமே, எங்க பழைய தலைகாணி உறையெல்லாம் கொண்டு வரட்டுமா?" என்று கேட்டாள்.

கையால் தைத்த ஒரு விரிப்பை நர்ஸிடம் காட்டினாள். கொதிக்கிற தண்ணீரில் வெளுத்தால் தாங்காது என்று அவர் திருப்பிக் கொடுத்துவிட்டார். வான் அலுவலகம் நாளைக்கு என்றது, மறுநாளும் அதையே சொன்னது. கணவர் சமாதானத்துக்கு ஊசியில் நூல் கோத்துக் கொடுக்க வந்தார். "நீங்க சும்மா இருந்தாலே பெரிய உதவி," என்று வாங்கிக்கொள்ளாமல் விட்டாள்.

வார்டு திறப்பு நெருங்கியதும் துணி மூட்டையைத் தூக்கிக்கொண்டு கடைத்தெருவுக்குப் போனாள். அங்கே தையல் கடை வைத்திருப்பவரை எல்லோரும் பட்டன் என்பார்கள். கடையில் இரண்டு மெஷின், இரண்டும் நேராக ஓடிக்கொண்டிருந்தன.

"சாயங்காலத்துல ஒரு மெஷின் கொடுங்கண்ணே, வாடகை தர்றேன்."

"வாடகை எதுக்கு தங்கச்சி? என் கடையில தைச்சா அது என் கடை வேலை. ஆர்டரை என் பேருக்கு மாத்திக் கொடு, கூலி நான் தர்றேன்."

"என் கையால தைக்கிறதுக்கு நீங்க எனக்குக் கூலியா?"

"வீட்டுல ஓடுதே ஒண்ணு, அதுல தைச்சுக்கோயேன்."

மூட்டையை மறுபடி தூக்குவதா, தலையாட்டுவதா என்று அவள் நின்றபோது கடைக்குள் சத்தம் தேய்ந்தது. இரண்டு சக்கரங்களும் தளர்ந்து நின்றன. தெருவே அமைதியானது. பட்டன் பாய்ந்து ஒன்றைப் பிடித்தார். மற்றதைப் பிடிக்கும் மச்சான் அன்று கடையில் இல்லை.

"தங்கச்சி, அதைச் சுத்து."

அவள் ஸ்டூலில் உட்கார்ந்தாள். சக்கரத்தின் மேல் கையை வைத்தாள், சுற்றவில்லை.

"வார்டு திறக்கற வரைக்கும் இது என் மெஷின். ஆர்டர் என் பேர்ல. வாடகை உண்டு."

"பேசற நேரமா இது?"

"வேற எப்ப நீங்க கேப்பீங்க?"

வாசலில் நீலம் படர ஆரம்பித்தது. "சரி, சரி, உன் பேர்லயே இருக்கட்டும், சுத்து," என்றார் பட்டன். அவள் தன் பக்கமாகச் சுற்றினாள். ஒளி கடந்துபோனது, சக்கரம் ஓடியது. அன்று இருட்டும்வரை தைத்தாள்.

வீட்டில் மெஷின் சத்தமே இல்லை. கொல்லைக் குழாயில் மட்டும் தண்ணீர் கொட்டிக்கொண்டிருந்தது.

"பம்பைச் சுத்திட்டேன்," என்றார் கணவர். "மெஷினைத் தொடப் பயமா இருந்துச்சு. எந்தப் பக்கம்னு..."

நின்றுபோன சக்கரத்தை அவள் தள்ளிப் பார்த்தாள். அசையவில்லை. திட்டுவதற்கு வாயைத் திறந்தாள். எங்கிருந்து தொடங்குவது என்று தெரியவில்லை. மிச்சத் துணியை மடித்து, காலையில் கடைக்கு எடுத்துப் போக வாசல் பக்கம் வைத்தாள்.