கடைசி போட்டும் எங்கள் டான்ஸ் ஹாலும்

அந்தமானில் சூரியனுக்கு வேலையை முடித்துக்கொண்டு கிளம்பும் அவசரம் அதிகம். கடிகாரம் என்னவோ மெயின்லாண்டு கடிகாரம்தான்; வானம் மட்டும் அதற்குக் கட்டுப்படாது. டிசம்பர் மாதத்தில் ஆபீஸ் விட்டு ஆட்கள் வீட்டுக்குக் கிளம்பும்போதே இருட்டிவிடும். தூத்துக்குடியில் அந்த நேரத்துக்கு வெயில் இன்னும் முகத்தில் அடித்துக்கொண்டிருக்கும். ராத்திரி வியாபாரம் செய்ய நினைத்த எங்களுக்கு இப்படியொரு ஊர் வாய்த்தது கடவுள் கொடுத்த வசதி என்று என் வீட்டுக்காரர் சொல்லுவார். அந்த வசதியோடு சேர்த்து ஒரு தொந்தரவையும் கடவுள் வைத்திருந்தார். அதுதான் அக்கரை பாம்பூஃப்ளாட்டுக்குப் போகும் கடைசி போட்.

எழுபதுகளின் தொடக்கம் அது. என் வீட்டுக்காரர் ஒரு காண்ட்ராக்டரிடம் ஃபிட்டராக வந்தவர். காண்ட்ராக்ட் முடிந்தது. குவார்ட்டர்ஸைக் காலி செய்யச் சொன்னார்கள். ஃபிட்டர் வேலையைவிட அவருக்கு நன்றாகத் தெரிந்தது அக்கார்டியன் வாசிக்கத்தான். ஊரில் கோயில் பாடற்குழுவில் பழகியது. கல்யாண வீடுகளில் அவர் வாசித்தால் சாப்பிட உட்கார்ந்தவர்கள்கூட எழுந்துவிடுவார்கள். “ஒரு டான்ஸ் ஹால் போடுவோம் ஏட்டி” என்றார் ஒருநாள். பெரிய ஊர்களில் இருக்கும் நைட் கிளப்பைப் பற்றி யாரோ கப்பல்காரன் அவரிடம் அளந்துவிட்டிருந்தான்.

சாத்தம் ஜெட்டிக்குப் பக்கத்தில் ஓர் அரிசி மண்டி. கீழே மூட்டைகள், மேலே மரப்பலகைத் தளம் போட்ட நீளமான கூடம் சும்மா கிடந்தது. மண்டிக்காரச் சேட்டிடம் கேட்டு வாடகைக்கு எடுத்தோம். கூடத்தின் பின்னால் ஒரு சின்ன அறை. அதில்தான் நாங்கள் குடியிருந்தோம். சுவரில் கலர் காகிதம் ஒட்டினோம். பல்புக்குச் சிவப்பு ஜெலட்டின் தாள் சுற்றினோம். பாண்டுக்கு ஆள் தேட வேண்டியதே இல்லை. மர மில்லில் வேலை பார்த்த எங்கள் கடற்கரைப் பையன்கள் நாலைந்து பேர் கித்தாரும் டிரம்மும் வைத்துக்கொண்டு, வாசிக்க இடம் கிடைக்காமல் தவித்துக்கொண்டிருந்தார்கள். சாப்பாடு போட்டால் போதும், மிச்சத்தை அப்புறம் பார்க்கலாம் என்றார்கள்.

நைட் கிளப் என்றால் என்னவோ ஏதோ என்று நினைக்கிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: அது சமையல்கட்டு வியாபாரம். பாட்டால் காசு வராது. ஆட்டத்தால் காசு வராது. ஆடிக் களைத்தவன் உட்கார்ந்து எதையாவது வாங்கித் தின்றால்தான் காசு. சரக்கு விற்க லைசென்ஸ் கேட்டு எழுதிப் போட்டோம், பதிலே இல்லை. எனவே கலர் சோடா, காப்பி, என் கையால் மீன் கட்லெட். ஐஸை மீன்காரர்களிடம் வாங்குவோம். எவ்வளவு கழுவினாலும் சோடாவில் லேசாகக் கவிச்சி அடிக்கும். உருளைக்கிழங்கு கப்பலில் வரவேண்டும். கப்பல் தாமதமானால் வாழைக்காயை அவித்துப் பிசைந்து சமாளிப்பேன். தவக்காலம் வந்தால் எங்கள் பையன்கள் வாத்தியத்தைத் தொடமாட்டார்கள். உயிர்த்த ஞாயிறு வரைக்கும் ஹால் பூட்டித்தான் கிடக்கும். எந்தப் பெரிய ஊர் முதலாளியிடம் இந்தக் கணக்கைச் சொன்னாலும் சிரிப்பார்.

நாங்கள் நம்பியிருந்தது கப்பல் நாட்களை. மெட்ராஸ் கப்பல் வந்து கட்டினால் கப்பல் ஆட்கள் வருவார்கள், கையில் காசு இருக்கும், கூச்சம் இருக்காது. டெலானிபூர் குவார்ட்டர்ஸிலிருந்து கல்யாணம் ஆகாத குமாஸ்தாக்கள் வேடிக்கை பார்க்க வருவார்கள். அக்கரை பாம்பூஃப்ளாட்டிலிருந்து எங்கள் சனங்கள் குடும்பத்தோடு வருவார்கள். அவர்கள் வந்தால்தான் பெண்கள் இருப்பார்கள், ஆட்டமும் ஆட்டமாக இருக்கும். கப்பல் இல்லாத நாளில் ஹால் முழுக்க நாற்காலிகளும் நானும்தான்.

கப்பல் நாளிலும் ஒரு வினை உண்டு. முதல் ஒரு மணி நேரம் வந்தவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு சுவரோரம் நிற்பார்கள். அப்புறம் யாராவது துணிந்து நடுவே வருவார்கள். கூட்டம் சூடுபிடித்து, பசி எடுத்து, என் அடுப்படிப் பக்கம் திரும்புகிற அந்த நேரம் பார்த்து ஜெட்டியில் போட் ஹார்ன் அடிக்கும். அவ்வளவுதான். அக்கரைக் குடும்பங்கள் செருப்பைத் தேடும். பாண்டுப் பையன்களில் பாதிப் பேர் வீடும் அக்கரையில்தான். பாட்டின் நடுவிலேயே கித்தாரைச் சாக்கில் போட்டுக்கொண்டு, டிரம்மைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு ஓடுவான்கள். என் வீட்டுக்காரர் மட்டும் அக்கார்டியனை நெஞ்சில் மாட்டிக்கொண்டு நடுக்கூடத்தில் தனியே நிற்பார். நான் பொரித்து வைத்த கட்லெட்டைக் கப்பல்காரர்கள் எத்தனைதான் தின்பார்கள்.

ஹாலில் கடிகாரம் மாட்டவில்லை. ஹார்ன் இருக்கும்போது கடிகாரம் எதற்கு. அந்த ஹார்ன்தான் எங்கள் மணி, எங்கள் வியாபாரத்தின் கழுத்தில் விழுந்த கத்தியும் அதுதான்.

சேட் பொறுமைசாலி, வாடகை பாக்கிக்கு நச்சரித்ததில்லை. ஆனால் அவரும் வியாபாரி. வருஷக் கடைசி வரை பார்ப்பதாகவும், அதற்கப்புறம் மேலேயும் அரிசி அடுக்கப்போவதாகவும் முகம் கோணாமல் சொல்லிவிட்டார். என் வீட்டுக்காரர் ஜனவரிக் கப்பலுக்குப் பெயர் கொடுத்துவிட்டு வந்தார். நான் டிரங்குப் பெட்டியை எடுத்துத் துணிமணிகளை அடுக்கத் தொடங்கினேன்.

எனக்குத் திரும்பிப் போக மனமே இல்லை. ஊரில் எங்களுக்கென்று இருந்தது அவருடைய அண்ணன் வீட்டு முன்னறையும் அண்ணியின் முகமும்தான். அதுகூடப் பெரிதில்லை. எங்களுக்குப் பிள்ளை இல்லை. ஊரில் தண்ணீர்க் குழாயடியில், கோயில் வாசலில், கல்யாணப் பந்தியில் என்று எங்கே போனாலும் அந்தக் கேள்வி முன்னால் வந்து உட்கார்ந்துகொள்ளும். தீவில் யாரும் கேட்டதில்லை. வங்காளி, தெலுங்கன், மலையாளி, பர்மாவிலிருந்து வந்தவன் என்று இங்கே இருந்த எல்லோருமே எதையோ விட்டுவிட்டு வந்தவர்கள். அடுத்தவரைத் துருவும் பழக்கம் அவர்களுக்கு இல்லை. நான் நிம்மதியாக மூச்சுவிட்ட முதல் ஊர் அது. அதை விட்டுப் போக வேண்டுமே என்று பெட்டியை அடுக்கும்போது அழுதேன். அவருக்குத் தெரியாமல் அழுததாக நினைத்தேன். அவருக்குத் தெரிந்துதான் இருந்தது.

கிறிஸ்துமஸ் கழிந்து, வருஷம் முடிவதற்குள் ஒரு கப்பல் நாள் வந்தது. எங்களுக்குக் கடைசி வாய்ப்பு. என் வீட்டுக்காரர் ஒரு யோசனையோடு வந்தார். போட் ஓட்டும் செராங் ராமநாதபுரத்துப் பக்கத்து ஆள், நல்ல மனுஷர். அவரை மேலே கூப்பிட்டு ஒரு கட்லெட் கொடுத்து, ஹார்னைக் கொஞ்சம் தள்ளி அடிக்கச் சொல்லலாம் என்றார்.

“கவர்மெண்டு போட்டுங்க. உங்க அக்கார்டியனுக்காவ நிக்குமா?” என்றேன்.

“கேட்டுப் பாக்குதேன். கேட்டா என்ன, தலையவா எடுத்துருவாவ” என்று இறங்கிப் போய்விட்டார்.

செராங் வந்தார். போட்டை உதவியாளிடம் விட்டுவிட்டு, அஞ்சு நிமிஷம் என்று சொல்லிவிட்டு வந்திருந்தார். கட்லெட்டை வாயில் போட்டார். கண்ணை மூடினார். “தங்கச்சி, இன்னொண்ணு வை” என்றார். அதற்குள் பையன்கள் அவருக்குத் தெரிந்த ஏதோ மெட்டைப் பிடித்துவிட்டார்கள். மூலையில் கிடந்த டோலக்கை மடியில் இழுத்துப் போட்டுக்கொண்டார். ஊர்க் கல்யாணங்களில் வாசித்த கை அது. அது பேச ஆரம்பித்ததும் கப்பல்காரர்கள் விசில் அடித்தார்கள், குமாஸ்தாக்கள் சுவரை விட்டு நகர்ந்தார்கள், அக்கரைப் பெண்கள் வட்டமாக நின்று ஆடினார்கள். நான் வாணலியை இறக்கவே இல்லை. போட் என்ற ஒன்று இருப்பதே எங்களுக்கு மறந்துவிட்டது. நடுவில் டிரம் அடிக்கும் பையன் கேட்டான், “இன்னும் ஹார்ன் அடிக்கலியே?”

செராங் தாளத்தை நிறுத்தாமல் சொன்னார்: “அடிக்கலைன்னா டைம் இருக்குன்னு அர்த்தம் தம்பி.”

எல்லோரும் அதை ஒப்புக்கொண்டோம். ஹார்ன் அடிக்கிறவரே எங்கள் நடுவில் உட்கார்ந்து டோலக் வாசிக்கிறார் என்பது, சத்தியமாகச் சொல்கிறேன், ஒருவருக்கும் உறைக்கவில்லை.

படியில் தடதடவென்று சத்தம் கேட்டது. முதலில் ஏறி வந்தவன் உதவியாள். அவன் முகத்தில் ஈயாடவில்லை. அவனுக்குப் பின்னால் போட்டில் உட்கார்ந்து காத்துக் காத்துப் பொறுமை இழந்த அத்தனை பேரும் வந்தார்கள்: மில் ஆட்கள், கூடையோடு மீன்காரிகள், குடையோடு வாத்தியார் ஒருவர். “க்யா தமாஷா ஹை”, என்ன கூத்து இது, என்று பின்னாலிருந்து இந்தியில் ஒரு குரல். கூட்டம் விலகி வழிவிட்டது. சேட் நின்றார். சேட் வீடு பாம்பூஃப்ளாட்டில்தான் என்பதும், தினமும் கடைசி போட்டில்தான் மனைவியோடு திரும்புவார் என்பதும் எனக்குத் தெரியும். ஆனால் அதை நினைக்க அப்போது நேரம் ஏது.

பாட்டு நின்றது. செராங் டோலக்கை இறக்கி வைத்துவிட்டு எழுந்து, வேட்டியைச் சரிசெய்துகொண்டு, யார் முகத்தையும் பார்க்காமல் படியை நோக்கி நடந்தார். அவருடைய வேலையும் போய், எங்கள் ஹாலும் போய், எல்லாம் இரண்டு கட்லெட்டால் என்று நினைத்துக்கொண்டே நான் வாணலியை இறக்கினேன்.

அப்போதுதான் மழை பிடித்தது. தீவு மழைக்குப் பருவம் கிருவம் கிடையாது. கூரைத் தகரத்தில் கொட்டியது, எதிரே ஜெட்டி விளக்கே தெரியவில்லை. செராங் வாசலில் நின்று வெளியே பார்த்தார். தொழில்காரர் குரல் திரும்ப வந்துவிட்டது. “இதுல போட் எடுக்க முடியாது. மழை விடட்டும்” என்றார். அந்த மழைக்கு நான் பட்ட கடன் கொஞ்சமில்லை.

வேறு வழியில்லாமல் எல்லோரும் உட்கார்ந்தார்கள். நாற்காலி போதவில்லை. சேட்டின் மனைவி கையில் காய்கறிப் பையோடு நின்றுகொண்டிருந்தார். வெள்ளைத் தலைமுடி, பருத்த உடம்பு, நிற்க முடியாமல் காலை மாற்றி மாற்றி ஊன்றினார். நான் பின்னறைக்கு ஓடி டிரங்குப் பெட்டியை இழுத்துவந்து சுவரோரம் போட்டேன். அந்தம்மா உட்கார்ந்தார். மீன் சாப்பிடமாட்டார் என்று தெரியும். நல்லவேளை, கப்பல் கிழங்கு இன்னும் இறங்காததால் மீன் தின்னாத குமாஸ்தாக்களுக்காக வாழைக்காய்க் கட்லெட் தனி வாணலியில் போட்டு வைத்திருந்தேன். காப்பியோடு கொடுத்தேன். ஒரு வாய் கடித்தார். பிறகு முழுதும் சாப்பிட்டார்.

என் வீட்டுக்காரர் என்ன நினைத்தாரோ, அக்கார்டியனை மெதுவாக வாசிக்கத் தொடங்கினார். ஆட்டப் பாட்டு இல்லை, சும்மா கேட்கிற பாட்டு. மீன்காரிகள் கூடையை இறக்கி வைத்துவிட்டுக் காலை நீட்டினார்கள். வாத்தியார் சோடா கேட்டார். மில் ஆட்கள் கட்லெட் கேட்டார்கள். நான் அடுப்படியில் நின்று அந்தக் கூட்டத்தைப் பார்த்தேன். கப்பலை எதிர்பார்த்து எதிர்பார்த்துக் கண் பூத்துப்போயிருந்தோம். இவர்களோ தினமும் எங்கள் படிக்குக் கீழே, ஜெட்டிப் பலகையில், கொசுக்கடியில் ஒரு மணி நேரம் சும்மா உட்கார்ந்து போட்டுக்குக் காத்திருந்தவர்கள். மெயின்லாண்டிலிருந்து கப்பல் வந்தாலும் வராவிட்டாலும் இவர்கள் வீட்டுக்குப் போயாகவேண்டும். இது எங்கள் மண்டையில் அதுவரை ஏறவே இல்லை.

எங்களுக்கு முன்னாலேயே அது ஏறியது சேட்டம்மா மண்டையில். அவர் புருஷனைப் பார்த்து, தான் தினமும் ஜெட்டியில் உட்கார்ந்து இடுப்பு ஒடிவதாகவும், இங்கே தலைக்கு மேலே காற்றாடி சுற்றுகிறதென்றும் இந்தியில் சொன்னார். சேட் ஏதோ முணுமுணுத்தார். கோடவுன் என்ற சொல் காதில் விழுந்தது.

“சாவல் நீச்சே ரஹேகா” என்றார் அந்தம்மா. அரிசி கீழேயே இருக்கட்டும். சேட் சரி என்று தலையை ஆட்டினார். இவ்வளவு பெரிய வியாபாரப் பேச்சு இதைவிடச் சின்னதாக முடிந்து நான் பார்த்ததில்லை.

மழை விட்டது. செராங் ஓடிப்போய் ஹார்ன் அடித்தார். அன்றைக்கு எனக்கு அது கோயில் மணியாகக் கேட்டது. யாரும் அவர் மேல் புகார் எழுதவில்லை. அதற்கப்புறம் அவர் கடைசி போட்டுக்கு இரண்டு ஹார்ன் அடிப்பதை வழக்கமாக்கிக்கொண்டார். முதல் ஹார்ன் எங்களுக்காக. கட்லெட்டை முடித்துக்கொண்டு இறங்கத் தோதாக. ஹாலை நாள்தோறும் திறந்தோம். தலைக்குக் கொஞ்சம் காசு, ஒரு காப்பி, பாட்டு. ஆடுகிறவர்கள் ஆடுவார்கள், மீன்காரிகள் காலை நீட்டுவார்கள். ஜனவரிக் கப்பல் எங்கள் பெயரில்லாமல் போனது. இந்த ஊரில் நான் கிழவியாகிவிட்டேன். இன்றுவரை என்னிடம் யாரும் அந்தக் கேள்வியைக் கேட்டதில்லை.

ஆனால் அன்றைய ராத்திரியைச் சொல்லி முடிக்கவில்லை. எல்லோரும் படி இறங்கியபோது சேட்டம்மா மட்டும் கடைசியாக எழுந்தார். இடுப்பைப் பிடித்துக்கொண்டு பெட்டியைத் தட்டிக் காட்டினார். “கல் இஸ்பே ஏக் தகியா ரக்னா” என்றார். நாளைக்கு இதன்மேல் ஒரு தலையணை போட்டு வை.

நாளைக்கு என்று ஒருவர் எங்களிடம் சொல்லிப் பல மாதம் ஆகியிருந்தது. அவர் போனதும் நான் தலையணையைத் தேடினேன். அறையில் இல்லை. என் வீட்டுக்காரர் அக்கார்டியனைக் கழற்றாமலே என்னைப் பார்த்துச் சொன்னார்: “பெட்டிக்குள்ளதான வச்ச, ஏட்டி.”

பூட்டைத் திறந்தேன். தலையணை எல்லாவற்றுக்கும் அடியில் இருந்தது. அதை எடுக்க, அடுக்கியதையெல்லாம் வெளியே எடுத்து வைக்கவேண்டியிருந்தது.