செவலையின் நகம்

எனக்கு அஞ்சாம் வகுப்புதான் படிப்பு. எழுத்தில் கோணலும் மறதியும் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இன்று பெரம்பலூர் வீட்டில் மருமகள் தன் நாயின் நகத்தை மிஷினால் தேய்த்தபோது கொம்பு தீய்ந்த வாடை வந்தது. "மெதுவாத்தான் தேய்க்கணும் அத்தை, உள்ள ரத்த நரம்பு ஓடுது. அது காலப் பிடிச்சுக்கிறீங்களா?" என்றாள். நான் பிடிக்கவில்லை.

சிறுவயதில், வேப்பந்தட்டையில் எங்கள் செவலை நாய்க்கு நகம் சுருண்டு சதையில் குத்தியது. அப்பா தன் கால் நகத்தைப் பாக்குவெட்டியால்தான் வெட்டுவார். நானும் அதையே எடுத்து ஒட்ட வெட்டிவிட்டேன். ரத்தம் கொட்டியது. "அடிப் பாவி, அதென்ன கொட்டப்பாக்கா?" என்று அம்மா மஞ்சளை அப்பினாள். செவலை என்னைக் கடிக்கவில்லை. ஆனால் சாகும்வரை என் கையால் சோறு தின்னவில்லை.

மஞ்சள் வைத்தது சரியா, நரம்பு எதுவரை ஓடும் என்று தெரிந்தவர்கள் பார்த்துச் சொல்லுங்கள். எனக்கு இனி ஆகப்போவது ஒன்றுமில்லை, மருமகளிடம் சொல்லுங்கள்.