அடி விழாத வாரம்

தைசியா நிகனோரவ்னாவிடம் அடி வாங்காதவள் நடனக்காரியே இல்லை. இதை நான் சொல்லவில்லை. எங்கள் உஸ்த்-கமென்ஸ்க் நகரமே பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்த பேச்சு இது. அந்தப் பெருமையின் மூஞ்சியில் கரி பூசத்தான் இதை எழுதுகிறேன். என் பெயர் அக்னியா. தைசியா மேடையில் பாலே ஆடிய காலத்தில் அவளுடைய ஒத்திகைகளுக்கும் மேடை நிகழ்ச்சிகளுக்கும் பியானோ வாசித்தேன். பிறகு அவள் பாலே ஆசிரியையான போது அவளுடைய வகுப்பிலும் வாசித்தேன். அவள் மேல் எனக்கு உயிர். அதனால் அவளைத் திட்டும் உரிமையை யாருக்கும் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

அவள் பிறந்தது பீரங்கி ஆலைக் குடியிருப்பில். அப்பா நிகனோர் ஆலையில் சம்மட்டி அடிப்பவர். குடித்தால் அடிப்பார், குடிக்கக் கிடைக்காவிட்டால் இன்னும் அதிகமாக அடிப்பார். ஆலையில் எல்லோருக்கும் ஒரே மாதிரி இடுப்பு வார் கொடுப்பார்கள். அதன் பித்தளைப் பக்கிள் சதுரமாக, தீப்பெட்டி அளவில் இருக்கும். அது விழுந்த இடத்தில் நாலு மூலையும் தெளிவாகப் பதியும். கத்தினால் அடி கூடும் என்பதால் தைசியா சின்ன வயதிலேயே கத்தாமல் இருக்கப் பழகிக்கொண்டாள்.

ஒரு நாள் பாலே பள்ளிக்காரர்கள் அந்தக் குடியிருப்புக்குப் பிள்ளைகள் தேடி வந்தார்கள். ஒவ்வொரு சிறுமியையும் படுக்கவைத்து, இரண்டு கால்களையும் இடுப்பிலிருந்து வெளிப்பக்கமாகத் திருகிப் பார்த்தார்கள். மற்றப் பிள்ளைகள் வீறிட்டார்கள். தைசியா கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தாள். "அடேயப்பா, இவளுக்கு வலியே தெரியலையே! பிறவிக் கலைஞி" என்று எடுத்துக்கொண்டார்கள். பிறவியாவது மண்ணாவது. அது நிகனோரின் வார் செய்த வேலை.

பள்ளியிலும் அடிதான். ஆனால் அங்கே அடிக்கு மரியாதை இருந்தது. தேறக்கூடிய பிள்ளையைத்தான் ஆசிரியை கம்பால் அடிப்பாள், கிள்ளுவாள், கூந்தலைப் பிடித்து உலுக்குவாள். தேறாத பிள்ளையிடம் சிரித்த முகமாக, "நல்லா இருக்கு, போய் நில்லு" என்பாள். அப்படிக் கேட்ட பிள்ளை கோடைக்குள் பெட்டியோடு ரயிலேறிவிடும். எங்கள் பள்ளியில் 'நல்லா இருக்கு' என்பதைவிடக் கெட்ட வார்த்தை கிடையாது. அடியாத மாடு படியாது என்பார்களே, நாங்கள் அதற்கு ஒரு படி மேலே போய், அடிபடாத மாடு மாடே அல்ல என்று நம்பினோம். தைசியாவின் கெண்டைக்கால்கள் எந்நேரமும் ஊதா நிறம். அதைக் காட்டிக்கொண்டு நடப்பாள், பதக்கம் வாங்கியவள் மாதிரி.

இப்படி வளர்ந்தவள் எப்படிப்பட்டவனைக் கட்டுவாள்? ரோதியோன் என்று ஒருவன், மேடையில் அவளைத் தூக்கி ஆடும் ஜோடிக்காரன். தோள் அகலம், புத்தி ஒடுக்கம். கைதட்டல் அவளுக்கு அதிகமாக விழுந்த நாளில் வீட்டில் அவளுக்கு அடி விழும். மறுநாள் ஒப்பனைக்காரி வெள்ளைப் பசையைக் குழைத்து அவள் தோளிலும் கழுத்திலும் அப்புவாள். காலையில் அவன் பூங்கொத்தோடு வந்து காலில் விழுவான். அடிக்கிற கைதான் அணைக்கும் என்று அரங்கத்துக் கிழடுகள் அவளுக்குப் புத்தி சொல்லின. அப்போது என் வாயில் வந்ததை இங்கே எழுத முடியாது.

தைசியாவும் வாங்கிக்கட்டிக்கொண்டு சும்மா இருப்பவள் அல்ல. இஸ்திரிப் பெட்டியை வீசி அவன் முன்பல்லை உடைத்தவள். ஆனால் கடைசிச் சண்டை மேடையில் நடந்தது. முதல் அங்கம் முடிந்து திரை மறைவில் இரண்டு பேரும் ஒருவரையொருவர் கடித்துக் குதறிக்கொண்டார்கள். இரண்டாம் அங்கத்தில் அவளைத் தலைக்கு மேல் தூக்கியவன் கையை விட்டுவிட்டான். கை தவறியது என்று பிறகு எழுதிக்கொடுத்தான். தவறவில்லை. விரல்கள் ஒவ்வொன்றாக விரிந்ததை மேடைக்கு முன்னால் வாத்தியக் குழியில் உட்கார்ந்து நான் பார்த்தேன். அவளுடைய இடது முழங்கால் பலகையில் மோதிய சத்தம் என் வாத்தியத்தின் மேலேயே விழுந்த மாதிரி கேட்டது. அவள் ஒற்றைக் காலில் எழுந்து சபைக்கு வணங்கினாள். ஜனம் எழுந்து நின்று தட்டியது. திரை விழுந்ததும் பக்கத்தில் கிடந்த கட்டையை எடுத்து அவன் காதோடு சேர்த்து இழுத்தாள். அந்தக் காது அதன் பிறகு கேட்கவில்லை. அவள் அதன் பிறகு ஆடவில்லை.

முழங்கால் கூடியது, ஆனால் மடங்க மறுத்தது. பள்ளியில் ஆசிரியை வேலை கொடுத்தார்கள். பழைய ஆசிரியையின் கம்பையும் கொடுத்தார்கள். தாளம் தட்டத்தான் கம்பு. தட்டுவாள், பத்துத் தட்டு தரையிலும் ஒன்று ஏதாவது ஒரு காலிலும்.

"முழங்காலை நீட்டுடி, வெந்த முட்டைக்கோசு! பின்பக்கத்தை உள்ள இழு! அது என்ன, உங்கம்மா சுட்ட ரொட்டியா?"

பிள்ளைகள் அவளுக்காக உயிரைக் கொடுத்தார்கள். அவளுடைய மாணவிகள் பெரிய ஊர்களின் மேடைகளுக்குப் போனார்கள். நான் வாசித்துக்கொண்டே, "கொஞ்சம் மெதுவா அடியேன், கடன்காரி" என்பேன். "நீ கட்டையைத் தட்டு, நான் சதையைத் தட்டறேன்" என்பாள். அப்படியே வருஷங்கள் ஓடின.

பிறகு ஸ்தேஷா வந்தாள். பீரங்கி ஆலைக் குடியிருப்புப் பெண். ஒல்லி, நீளக் கை, கோபக்காரக் கண். குதித்தால் கீழே வர மறந்துவிட்டாளோ என்று தோன்றும். வாரம் முழுக்கப் பள்ளி விடுதி, ஞாயிற்றுக்கிழமை வீடு. அந்த வகுப்பில் அதிக அடி அவளுக்குத்தான். அதனால் மற்றப் பெண்களுக்கு அவள் மேல் பொறாமை. அடி விழுந்தால் அவள் கூரையைப் பார்ப்பாள்.

எங்கள் வகுப்பறைத் தரை வெறும் மரம். வழுக்காமல் இருக்க, வகுப்புக்கு முன் ஒரு பெண் பூவாளியால் தண்ணீர் தெளிக்க வேண்டும். அந்த ஜனவரியில் ஒரு திங்கட்கிழமை, முறை ஸ்தேஷாவுடையது. அவள் குனிந்து தெளித்துக்கொண்டே வந்தபோது முதுகுச் சட்டை மேலே ஏறியது. தைசியா பேச்சை நிறுத்தினாள். நானும் திரும்பிப் பார்த்தேன். சதுரம் சதுரமாக, நாலு மூலையும் தெளிவாக, முதுகு முழுக்க.

தைசியா என் அருகில் வந்து பியானோவைப் பிடித்துக்கொண்டாள். "இது என் அடி இல்ல, அக்னியா. என் அடி எனக்குத் தெரியும். இது ஆலை வாரு."

தலைமையாசிரியரிடம் போனாள். குடும்ப விவகாரம், பள்ளி தலையிடாது என்றார். மேசை மேல் இருந்த மைக்கூட்டை அவர் மேல் வீசிவிட்டு வந்தாள். வேறு என்ன செய்வது என்று அவளுக்குத் தெரியவில்லை. தெரிந்த ஒன்றைச் செய்தாள். அந்தப் பெண்ணை அடிப்பதை நிறுத்தினாள். அந்த வாரம் முழுக்கக் கம்பு ஸ்தேஷாவைச் சுற்றிக்கொண்டு போனது. மற்றவர்கள் கால்களில் விழுந்தது, அவளிடம் வந்ததும் தாழ்ந்தது. ஒருநாள், ஆசையாகத்தான், மெதுவான குரலில் சொன்னாள்: "நல்லா இருக்கு, ஸ்தேஷா. போய் நில்லு."

ஸ்தேஷாவின் முகத்திலிருந்து ரத்தம் இறங்கியதை நான் பார்த்தேன். நேராகவில்லை என்று நினைத்து மறுபடியும் மறுபடியும் காலை நீட்டினாள். வேண்டுமென்றே முழங்காலை மடக்கிக்கூடப் பார்த்தாள். தைசியா தலையைத் தடவிவிட்டு நகர்ந்தாள். சனிக்கிழமை வகுப்பு முடிந்ததும் அந்தப் பெண் தன் நடனக் காலணிகளைப் பியானோ மேல் வைத்துவிட்டுப் போனாள். மறந்துவிட்டாள் போலும் என்று நான் எடுத்து வைத்தேன்.

திங்கட்கிழமை அவள் வரவில்லை. ஏன் என்று கேட்டதற்கு முன்வரிசைப் பெண் ஒருத்தி ஏளனமாகச் சொன்னாள்: "பெட்டியெல்லாம் எடுத்துக்கிட்டு வீட்டுக்கே போயிட்டா. நீங்கதான் அவளக் கைகழுவிட்டீங்களே, தைசியா நிகனோரவ்னா. நல்லா இருக்குன்னு சொன்னீங்களே."

தைசியாவின் முகம் அப்படியே நின்றுவிட்டது. எந்த வீட்டு அடியைக் கண்டு தன் அடியை நிறுத்தினாளோ, அதே வீட்டுக்கு, அதே வாருக்குத் தன் கையாலேயே அந்தப் பெண்ணை அனுப்பியிருந்தாள். கம்பை எறிந்தாள். "கோட்டை எடுடி, அக்னியா!"

டிராம் பிடித்தோம். ஆலைக் குடியிருப்பில் இறங்கியதும் நொண்டிக்கொண்டே ஓடினாள். பட்டப்பகல், பனி முழங்கால் வரை. கதவைத் திறந்தவன் கார்ப், ஸ்தேஷாவின் அம்மா இரண்டாவதாகக் கட்டிக்கொண்ட ஆள். வாயில் இன்னும் கொழுக்கட்டை இருந்தது. அம்மாக்காரி அடுப்போரம் ஒடுங்கி நின்றாள். ஸ்தேஷா உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்தாள். அவளுடைய ஒரு கண் மூடி வீங்கியிருந்தது.

"ஸ்தேஷா, கோட்டப் போடு" என்றாள் தைசியா.

கார்ப் சிரித்தான். "எங்க கூட்டிட்டுப் போற, நொண்டிச் சீமாட்டி? நாளைக்கு அவ ஆலைச் சலவைல சேர்றா. உங்க பள்ளிக்கூடந்தான் வேணாம்னு தள்ளிடுச்சாமே."

"யார் சொன்னது?"

"அவதான். ஒரு வாரமா நீ அவ மேல கையே வைக்கலையாம். ராத்திரி பூரா அதச் சொல்லித்தான் அழுவறா. நான் அடிச்சதுக்குக்கூட இப்படி அழுததில்ல, போ!" கையைத் துடைத்துக்கொண்டு கிட்டே வந்தான். "நீயும் அடிக்கறவ, நானும் அடிக்கறவன். நீ விட்டத நான் எடுத்துக்கிட்டேன். என்ன வித்தியாசம், சொல்லேன் பாப்போம்?"

ஸ்தேஷா கத்தியைக் கையில் வைத்துக்கொண்டு தைசியாவின் பதிலுக்காகக் காத்திருந்தாள்.

பதில் வருவதற்குள் அவன் வாரை உருவினான். முதல் வீச்சிலேயே பக்கிள் தைசியாவின் புருவத்தைக் கிழித்தது. அவள் சுவரில் போய் மோதினாள். இரண்டாவது வீச்சுக்கு அவன் கையை ஓங்கும்போது நான் அதில் தொங்கினேன். எனக்கு விரல்கள்தான் சொத்து, அதனால் பல்லை உபயோகித்தேன். கடித்த இடத்தை விடவில்லை. அவன் என்னை உதறி அடுப்பின் மேல் எறிந்தான். கொழுக்கட்டைச் சட்டி கவிழ்ந்து வெந்நீர் தரையெல்லாம் ஓடியது. அவன் ஸ்தேஷாவின் பக்கம் திரும்பினான். "உன்னாலதானடி இதெல்லாம்!"

அப்போது தைசியா ஆடினாள். அதை வேறு எப்படிச் சொல்வது? முதுகு நிமிர்ந்தது, தோள் இறங்கியது, வலது கால் இடுப்பிலிருந்து கிளம்பி, நீட்டிய முழங்காலோடு, தலைக்கு மேல் வரை வீசியது. வாலிபத்தில் எல்லா நாளும் செய்த அதே வீச்சு. பனிக்கால பூட்ஸின் குதிகால் அவன் தாடையில் இறங்கியது. இரண்டு சத்தம் கேட்டது. ஒன்று அவன் தாடை. மற்றது அவள் ஊன்றி நின்ற இடது முழங்கால்.

இரண்டு பேரும் விழுந்தார்கள். அவன் ரத்தமும் பல்லுமாகத் துப்பிக்கொண்டு சுவரோரம் தவழ்ந்தான். தைசியா முழங்காலைப் பிடித்துக்கொண்டு வெந்நீரில் கிடந்தாள். ஸ்தேஷா அவள் அருகில் மண்டியிட்டாள். "வலிக்கிறதா" என்று கேட்கவில்லை. வேறு ஒன்றைக் கேட்டாள்.

"நான் தேறமாட்டேன்தானே, தைசியா நிகனோரவ்னா? மறைக்காம சொல்லிடுங்க. அதனாலதான என்னை அடிக்கறத விட்டீங்க?"

"அட பைத்தியமே! உன் உடம்புல அந்தப் பாவி எனக்கு எங்கடி எடம் விட்டு வச்சான்?"

சொன்ன பிறகுதான் அது அவளுடைய காதிலேயே விழுந்தது. புருவத்து ரத்தம் வாய்க்குள் வழிய, அவள் என்னைப் பார்த்தாள். கார்ப் கேட்ட கேள்விக்குப் பதில் அதுதான் என்று எங்கள் இருவருக்கும் புரிந்தது. இரண்டு பேருக்கும் அந்த உடம்பில் எடத்துக்குப் போட்டி. வித்தியாசம் ஒன்றும் இல்லை. அப்பாவின் வாருக்கும் ரோதியோனின் கைக்கும் அழாத பெண் அன்று அந்த அழுக்குத் தரையில் படுத்து ஓவென்று அழுதாள். அம்மாக்காரி முதல் தடவையாக அசைந்தாள். வந்து ஸ்தேஷாவின் தோளில் கோட்டைப் போட்டுவிட்டாள்.

கார்ப் போலீசுக்குப் போகவில்லை. நொண்டிப் பெண்பிள்ளை காலால் உதைத்துத் தாடையை உடைத்தாள் என்று எந்த ஆண்பிள்ளை எழுதிக்கொடுப்பான்? ஸ்தேஷா அதன்பின் ஞாயிறுகளிலும் விடுதியிலேயே இருந்தாள்.

வசந்தத்தில்தான் தைசியா வகுப்புக்குத் திரும்பினாள். இடது கால் மரக்கட்டைபோல் விறைத்திருந்தது. கம்பு இப்போது அவளுக்கு ஊன்றுகோல். அன்று அவள் யாரையும் அடிக்கவில்லை. வகுப்பு பாதி முடிவதற்குள் முன்வரிசை விசும்பியது, பின்வரிசை மூக்கைச் சிந்தியது. மொத்த வகுப்பையும் கைகழுவிவிட்டாள் என்று நினைத்துவிட்டார்கள்.

ஸ்தேஷாவின் முறை வந்தது. அவள் காலைப் பின்னால் தூக்கினாள்; முழங்கால் துளி மடங்கியிருந்தது. தைசியாவின் கம்பு பழக்கத்தில் மேலே எழுந்தது. நான் வாசிப்பதை நிறுத்தினேன். ஸ்தேஷா அதைக் கண்ணாடியில் பார்த்தாள். பார்த்ததும் அவளுடைய முகம் மலர்ந்தது. கண்ணை மூடிக்கொண்டு, இன்னும் கொஞ்சம் உயர்த்தி, அடிக்கு வசதியாகக் கெண்டைக்காலைக் காட்டினாள்.

தைசியா கம்பைக் கீழே போட்டாள். பிடி இல்லாமல் தள்ளாடினாள், நான் எழுவதற்குள் ஸ்தேஷாவின் பக்கத்தில் சுவரோடு ஓடிய பயிற்சிக் கம்பியைப் பற்றிக்கொண்டாள். உள்ளங்கையால் அந்தக் காலைப் பிடித்து, முழங்காலை நேராக்கி, இருக்க வேண்டிய இடத்தில் நிறுத்தினாள்.

"இங்க. இதுதான் எடம். மோசமா இருக்குடி, ஸ்தேஷா. ரொம்ப மோசமா இருக்கு. நாளைக்கும் வரணும், நாளன்னைக்கும் வரணும்."

ஸ்தேஷா கண்ணைத் திறக்கவில்லை. அவளுடைய கால் முழுக்க நடுங்கிக்கொண்டிருந்தது, இன்னும் அடி வரும் என்று. தைசியா கையை எடுக்கவில்லை. "வாசிடி, அக்னியா" என்றாள். அந்தக் கால் நடுங்குவதை நிறுத்தும் வரை அதே நாலு வரியைத் திரும்பத் திரும்ப வாசித்தேன்.