பிழையாகப் போட்ட முடிச்சு

மகள் ரொறன்ரோவிலிருந்து அனுப்பிய பிறந்தநாள் பரிசு இரண்டு பேருக்கானது. தேம்ஸ் நதிக்குத் தெற்கே, ரயில் பாலத்து வளைவு ஒன்றின் கீழ், லண்டனைப் பார்க்க வரும் பயணிகளுக்காக ஒரு சாமுராய் வகுப்பு நடக்கிறது. இரண்டு மணி நேரம் ஜப்பானிய உடை உடுத்தி, மண்டியிட்டு வணங்கப் பழகி, மரவாள் சுழற்றலாம். பிறகு நிஞ்சாக்களைப் போல ஓசையில்லாமல் நடந்து, ரப்பர் நட்சத்திரங்களைத் தக்கைப் பலகையில் எறிந்து, கடைசியில் கவசம் அணிந்து ஒரு படம் எடுத்துக்கொண்டு போகலாம். மகள் சிறுமியாக இருந்தபோது நானும் அவளும் தொலைக்காட்சியில் வாள்சண்டைப் படங்கள் பார்ப்போம். அதை அவள் மறக்கவில்லை. “அம்மா வந்தாப்பிறகு ரெண்டு பேருமாப் போங்கோ அப்பா” என்று எழுதியிருந்தாள்.

என் மனைவி மகளின் பிள்ளைப்பேற்றுக்கு ஆறு மாதத்துக்கென்று கனடா போனவள். அந்தப் பிள்ளை இப்போது தானே காலணி மாட்டிக்கொள்கிறது. மனைவி இடையில் இரண்டு முறை வந்து போனாள். எங்களுக்குள் சண்டை ஒன்றும் இல்லை. அங்கே மூன்று பேருக்கு அவள் வேண்டும், இங்கே நான் ஒருவன்தான். பரிசுச் சீட்டின் தவணை முடியப்போகிறது என்று கண்டதும் தனியாகப் போனேன். காலாவதியாகும் எதையும் என்னால் விட்டுவைக்க முடியாது. ஆஸ்பத்திரி மருந்துக் களஞ்சியத்தில் என் வேலையே அதுதான். தட்டுத் தட்டாகப் போய்த் தேதி பார்த்து, பழையதை முன்னுக்கு இழுத்து, புதியதைப் பின்னுக்குத் தள்ளுவேன். சில நாட்களில் மாலைவரை என் குரலை நானே கேட்பதில்லை.

முதல் தடவை எல்லோரும் வட்டமாக நின்று எந்த ஊர் என்று சொல்ல வேண்டியிருந்தது. ஒருவர் மிலான் என்றார், ஒருவர் சியோல் என்றார். லண்டனின் தெற்கு ஓரத்தில் நான் இருக்கும் இடத்துக்கு மிச்சம் என்று பெயர்; அங்கிருந்து டிராமிலும் ரயிலிலும் வந்து இறங்கிய எனக்கு “மிச்சம்” என்று சொல்ல வாய் வரவில்லை. “ரொறன்ரோ” என்றேன். உடனே இத்தாலியப் பெண் ஒருத்தி என் பக்கம் திரும்பி, எத்தனை நாள் நிற்பீர்கள், எங்கெங்கே போனீர்கள், தனியாகவா வந்தீர்கள் என்று கேட்டாள். இருபத்தைந்து வருடமாக நான் நடந்துதிரியும் தெருவுக்கு ஒரு தாளில் வழி வரைந்தும் தந்தாள். நானும் கவனமாகக் கேட்டேன். பயணி என்றால் எல்லோருக்கும் அக்கறை வருகிறது. இங்கேயே இருப்பவனிடம் எங்கே போகிறாய் என்று கேட்க யாருக்கும் தோன்றுவதில்லை.

ஆனால் நான் திரும்பப் போனது அதற்காக மட்டும் இல்லை. ஹகாமா என்று ஒரு மடிப்பு வைத்த அகலமான கீழுடை இருக்கிறது. முன்னுக்கு இரண்டு பட்டி, பின்னுக்கு இரண்டு பட்டி. அதை இடுப்பில் சுற்றிக் கட்டுவதற்கு ஒரு ஜப்பானியப் பெண்மணி இருந்தார். என் வயதுதான் இருக்கும். எனக்கு முன்னால் முழங்காலில் இருந்து, பட்டியைப் பின்னால் கொண்டுபோய், இழுத்து, முன்னுக்குக் கொண்டுவந்து முடிச்சுப் போட்டார். “இறுக்கமா?” என்று கேட்டார். பிறகு கைவிரலைப் பட்டிக்குள் விட்டுப் பார்த்துவிட்டுத் தோளில் இரண்டு தரம் தட்டினார். முடி வெட்டுபவரையும் பல் வைத்தியரையும் விட்டால், என்னை ஒருவர் தொட்டு ஒழுங்குபடுத்தி மூன்று வருடம் ஆகியிருந்தது.

அதன்பின் இரண்டு மாதத்துக்கு ஒரு தடவை நானே பதிவு செய்து போனேன். வகுப்பு நடத்துபவர்கள் மாறிக்கொண்டிருந்தார்கள். உடுத்திவிடும் பெண்மணி மட்டும் மாறவில்லை. எனக்கோ எதையும் ஒருமுறை பார்த்தால் சரியாகச் செய்ய வந்துவிடும். இடது முழங்காலை முதலில் ஊன்ற வேண்டும், எழும்பும்போது வலது பாதம் முதலில் என்பதெல்லாம் இரண்டாம் தடவையே படிந்துவிட்டது. ஆகவே வேண்டுமென்றே பிழை விட்டேன். வலது முழங்காலை ஊன்றினேன். “முதலில் நீங்களே முயன்று பாருங்கள்” என்று பட்டியைத் தரும்போது முடிச்சைப் பிழையாகப் போட்டேன். ஒவ்வொரு தடவையும் வேறு வேறு பிழை, இல்லாவிட்டால் கண்டுபிடித்துவிடுவார் என்று பயம். அவர் சிரித்துக்கொண்டு அவிழ்த்து, திரும்பக் கட்டுவார். நான் பொய்க்காரன், பயணியே இல்லை என்று அவருக்குத் தெரிந்தால் அந்தக் கை நின்றுவிடும். வேறொன்றுக்கும் நான் பயப்படவில்லை.

ஏழாவது தடவை போனபோது ஒரு அமெரிக்கத் தம்பதி, இரண்டு கொரியப் பெண்கள், அவர்களோடு ஒரு அக்காவும் தம்பியும். முகத்தைப் பார்த்ததுமே எங்கள் ஆட்கள் என்று தெரிந்தது. அக்கா லண்டனிலேயே, வெம்பிளியில் இருப்பவர். தம்பி, நல்ல உடம்புக்காரர், ஜேர்மனியிலிருந்து விடுமுறைக்கு வந்தவர். என் முறை வந்தது. பழக்கத்தில் “ரொறன்ரோ” என்றேன்.

அந்த அக்கா உடனே என் பக்கத்தில் வந்து நின்றார்.

“அண்ணை, தமிழோ?”

“ஓம்.”

“அதுதானே பாத்தன். கனடாவிலை எவடம்?”

“ஸ்காபரோ.”

“ஸ்காபரோவிலை எவடம்? என்ரை மச்சாளும் அங்கதான் இருக்கிறா.”

“கொஞ்சம் வடக்குப் பக்கம்.”

“சரி, ஊரிலை எவடம்?”

இந்த வரிசை எனக்குத் தெரியும். ஊர், கோயில், பள்ளிக்கூடம், ஆருடைய மகன். நாலாவது கேள்விக்குள் பொதுவான சொந்தக்காரர் ஒருவர் அகப்பட்டுவிடுவார். முந்தி அகதியாக வந்தபோது குரோய்டன் குடிவரவு அலுவலகத்தில் என்னை விசாரித்த அதிகாரிகூட இவ்வளவு ஒழுங்காகக் கேட்கவில்லை. நான் ஊரின் பெயரைச் சொல்ல வாயெடுத்தபோது, அதுவரை என்னை உற்றுப் பார்த்துக்கொண்டிருந்த தம்பி குறுக்கிட்டார்.

“நில்லு அக்கா. அண்ணை, போன கிழமை மிச்சத்திலை ஒரு கடையிலை வெண்டிக்காய் தெரிஞ்செடுத்துக்கொண்டு நிண்டது நீங்களெல்லோ? ஒவ்வொண்டா நுனியை முறிச்சு முறிச்சு. நான் அங்க சிநேகிதன் வீட்டை வந்தனான். ‘இந்தாள் முறிச்செறிஞ்ச வெண்டிக்காயை இனி ஆர் வாங்கிறது’ எண்டு கடைக்காரன் பேசிக்கொண்டு நிண்டவன்.”

“முறிச்சதெல்லாம் நான்தான் வாங்கினனான்” என்றேன்.

யோசிக்கும் முன் வந்துவிட்டது. ரொறன்ரோக்காரன் என்று சாதிக்க என்னால் முடிந்தது. முறித்த வெண்டிக்காயை விட்டுவிட்டு வந்தவன் என்ற பழியைத் தாங்க முடியவில்லை.

அக்கா கையைத் தட்டிச் சிரித்தார். “அப்ப கனடாவிலை வெண்டிக்காய்க்குப் பஞ்சமோ? மிச்சம்வரை வந்து வாங்கிறியள்!” பிறகு எல்லோருக்கும் கேட்கும்படி ஆங்கிலத்தில் அறிவித்தார்: “இவர் ரொறன்ரோ இல்லை. மிச்சத்தில் இருக்கிறார்!”

அமெரிக்கர் சிரித்தார். மிச்சம் எங்கே இருக்கிறது என்று அவருடைய மனைவி கேட்டார். மேலே ஒரு ரயில் போனது. நான் உடுத்திவிடும் பெண்மணியைப் பார்த்தேன். அவர் ஒரு கொரியப் பெண்ணின் முன்னால் முழங்காலில் இருந்து பட்டியை இழுத்துக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்தி, எப்போதும் சிரிக்கும் அதே சிரிப்போடு, “ஓ, லண்டனிலேயே இருக்கிறீர்களா? நல்லது. இங்கே முதல் தடவையா?” என்று கேட்டார்.

கேலியாகக் கேட்கிறாரோ என்று முகத்தைப் பார்த்தேன். இல்லை. அவருக்கு உண்மையிலேயே தெரியவில்லை. ஒளிப்பதற்கு நான் அவ்வளவு பாடுபட்டிருந்தேன். தேடுவதற்கு அங்கே யாருமே இருக்கவில்லை.

“ஏழாவது தடவை” என்றேன்.

அவர் கையை நிறுத்திவிட்டு என் முகத்தை மரியாதையோடு கொஞ்ச நேரம் தேடிப் பார்த்தார். அகப்படவில்லை. “மன்னிக்க வேண்டும், நிறையப் பேர் வருகிறார்கள்” என்றார். அந்தப் பெண்ணின் முடிச்சைப் போட்டு முடித்து, எழுந்து என்னிடம் வந்தார். “ஏழு தடவை என்றால் உங்களுக்கே நன்றாகக் கட்டத் தெரியுமே. இன்று எனக்கு வேலை குறைந்தது.” பட்டியின் இரண்டு நுனிகளையும் என் கையில் தந்துவிட்டு அக்காவிடம் போனார்.

நான் கட்டினேன். முன்னால் சுற்றி, பின்னால் குறுக்கே விட்டு, மடிப்பு நேராக, முடிச்சு நடுவில். முதல் தடவையாகப் பிழையில்லாமல் போட்டேன். அதைப் பார்க்க யாரும் வரவில்லை. அக்கா இரண்டு கையையும் அகல விரித்துக்கொண்டு நின்றார். “ஐயோ கூசுது, கூசுது” என்று சொல்லச் சொல்ல அந்தப் பெண்மணி சிரித்துச் சிரித்துக் கட்டிவிட்டார்.

வாள்பயிற்சிக்கு என்னையும் தம்பியையும் சோடி சேர்த்தார்கள். நான் மேலிருந்து வெட்டுவது போல வர வேண்டும், அவர் விலகித் தடுக்க வேண்டும். நான் மறைக்க இனி ஒன்றும் இல்லாதபடியால் சரியாகவே செய்தேன்.

“அண்ணை, மெள்ள, மெள்ள. நான் வெண்டிக்காய் இல்லை” என்றார் அவர்.

“பயப்படாதேங்கோ, முறிச்சால் நான் கொண்டுபோவன்.”

அவர் வாளைக் கீழே விட்டுவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். வாளை நிலத்தில் போடக் கூடாது என்று ஆசிரியரிடம் பேச்சு வாங்கினார். நானும் சிரித்தேன். ஆனால் என் கண் அடிக்கடி மூலைக்குப் போனது. அங்கே அந்தப் பெண்மணி அடுத்த வகுப்புக்கான உடைகளை எடுத்து வைத்துக்கொண்டிருந்தார்.

முடிவில் உடையைக் கழற்றி அவரவர் கொண்டுபோய்க் கொடுப்பது வழக்கம். நான் என் ஹகாமாவைத் தரையில் விரித்து, மடிப்பின்மேல் மடிப்பு வைத்து, பட்டிகளைக் குறுக்கே கோத்து, அவர் செய்வதைப் பார்த்து மனத்தில் பதித்திருந்தபடியே மடித்துக் கொடுத்தேன். “அழகு” என்றார். வாங்கி, உதறி, தன் கையால் திரும்ப மடித்துக் குவியலில் வைத்தார். அவரில் பிழை சொல்ல மாட்டேன். களஞ்சியத்தில் மற்றவர்கள் அடுக்கியதை நானும் அப்படித்தான் கலைத்து அடுக்குவேன்.

வெளியே மழை தூறிக்கொண்டிருந்தது. அக்கா பாலத்தின் கீழேயே நின்று, “நம்பரைச் சொல்லுங்கோ அண்ணை” என்றார். சொன்னேன். என் சட்டைப்பைக்குள் தொலைபேசி ஒருமுறை அடித்து ஓய்ந்தது.

“அதுதான் என்ரை நம்பர். உங்கடையைக் ‘கனடா அண்ணை’ எண்டு போடுறன். அப்பத்தான் ஞாபகம் நிக்கும்.”

“வீட்டிலை தனியவோ?” என்று தம்பி கேட்டார்.

மனைவி மகளோடு இருக்கிறா, வருவா என்றேன். எங்கே என்று கேட்டார்.

“ரொறன்ரோவிலை.”

இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். இந்த முறை சிரிக்கவில்லை. “அப்ப பாதிப் பொய்தான்” என்றார் அக்கா, கொஞ்சம் தாழ்ந்த குரலில். பிறகு அவர்கள் நிலக்கீழ் ரயிலுக்குப் போனார்கள். நான் மற்றப் பக்கமாகப் போனேன்.

அதன்பின் நான் அந்த வகுப்புக்குப் பதிவு செய்யவில்லை. போயிருக்கலாம். யாரும் தடுக்கவில்லை, யாரும் கோபிக்கவில்லை. புதிய ஆள் போலவே போய் நின்றிருந்தால் அந்தப் பெண்மணி திரும்பவும் அதே சிரிப்போடு முழங்காலில் இருந்து கட்டிவிட்டிருப்பார் என்று நன்றாகத் தெரியும். அது தெரிந்தபடியால்தான் என்னால் போக முடியவில்லை. வீட்டில் ஒரு தடவை வேட்டியை உடுத்துவிட்டு, ஏனென்று தெரியாமல் இடுப்பில் விரலை விட்டு இறுக்கம் பார்த்தேன்.

பத்துப் பன்னிரண்டு நாள் கழித்து ஒரு சனிக்கிழமை பின்னேரம் தொலைபேசி அடித்தது. மனைவி வழக்கமாக அழைக்கும் நேரம் அல்ல.

“கனடா அண்ணையோ?”

பெயரைச் சொல்லித் திருத்தலாம் என்று நினைத்தேன். “ஓம்” என்றேன்.

“நாளைக்கு என்ன செய்யிறியள்?”

ஞாயிற்றுக்கிழமைகளில் வேலைக்குப் போடும் சட்டைகள் ஐந்தையும் இஸ்திரி போட்டு வைப்பேன், குளிர்சாதனப் பெட்டியைத் துடைப்பேன். அதைச் சொல்வதா என்று யோசித்தேன்.

“வேலை எண்டு சொல்லாதேங்கோ. தம்பி திங்கக்கிழமை திரும்பிப் போறான். மத்தியானம் மரக்கறிச் சாப்பாடு. உங்களைக் கூப்பிடு, கூப்பிடு எண்டு ஒரே கரைச்சல் தாறான். வெண்டிக்காய் நாங்கள் வாங்கியிட்டம், நீங்கள் ஒண்டும் கொண்டுவரவேண்டாம்.”

அந்தப் பக்கத்தில் தம்பி ஏதோ சொல்லிச் சிரிப்பது கேட்டது. பாத்திரச் சத்தமும், யாரோ கதவு திறப்பதும் கேட்டன. என் வீட்டில் அறைகளைச் சூடாக்கும் கொதிகலன் மட்டும் உறுமிக்கொண்டிருந்தது.

“வாறன்” என்றேன்.

“கனடாவிலையிருந்து வர நேரம் எடுக்கும் அண்ணை” என்றார் அக்கா. “வெள்ளென வெளிக்கிடுங்கோ.”