கையை மட்டும் எடுத்த கேசட்

ஒரே ஒரு ஊரிலே ஒரே ஒரு ராஜா. எங்கள் வீடியோ தொழிலில் அந்த ராஜா கல்யாண மாப்பிள்ளை, ஆட்சி ஒரே ஒரு நாள். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அம்பத்தூர் ஸ்டூடியோ ஒன்றில் கேமரா தூக்கியவன் நான். ஒருபக்கத் தோள் இறங்கிப்போன சகோதரர்களே, உங்களுக்குத் தெரியாததா?

தப்பிய கை

ஆவடி குவார்ட்டர்ஸில் ஒரு பிறந்தநாள். பேக்டரியில் வேலை பார்த்த துரைக்கண்ணு அண்ணன், லீவு நாளில் மேஜிக் செய்வார். இடது கையிலிருக்கும் ஒரு ரூபாய்க் காசை வலது கைக்கு மாற்றி, மூடி, ஊதி, விரித்தால் காணோம். கேசட்டைப் போட்டுப் பார்த்தால், அவர் நீட்டிய வலது கை பின்னாலேயே என் கேமராவும் போயிருக்கிறது. இடது கை படத்திலேயே இல்லை. ஸ்டூடியோ முதலாளி தலையில் அடித்துக்கொண்டார்.

"உன்ன படம் புடிக்க அனுப்புனா, நீ வித்த பாத்துகினு கீறியே!"

தலையில்லாத படம்

அந்தக் கைகள் என்னை விடவில்லை. முகம் வேண்டாம், பாட்டு வேண்டாம், கை மட்டும் போதும் என்று ஒரு ஆசை. மேஜையில் கறுப்புத் துணி விரித்து, கேமராவை ஸ்டாண்டில் நிறுத்தி, அண்ணனை உட்காரவைத்தேன். விரல் மடிவது, நரம்பு எழும்புவது, நகக்கண்ணில் பேக்டரி எண்ணெய்க் கறை, எல்லாம் படத்தில் விழுந்தது. அப்படி ஒரு அழகு. முதலாளிக்குப் போட்டுக் காட்டினேன்.

"ஆளு தல எங்க நைனா? கைய மட்டும் எட்துகினு வந்துகீறே!"

நிறுத்திப் பார்த்தபோது

அண்ணனுக்கும் நிறுத்தி நிறுத்திப் போட்டுக் காட்டினேன், அவருக்குத்தான் முகம் வெளுத்தது. ரூபாய் வலது கைக்குப் போகாமல் இடது கையிலேயே தங்கிவிடுவது அப்படியே பதிவாகியிருந்தது. இது வெளியே தெரிந்தால் அப்புறம் யார் அவரைக் கூப்பிடுவார்கள்? "அழிச்சிடறேண்ணே" என்று பட்டனில் விரல் வைத்தேன். அவர் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"இருப்பா. எதிர்ல இருந்து பாத்தா என் கை இப்படியா இருக்கு? நான் பாத்ததே இல்லியே. அழிக்காத. எல்லாருக்கும் போடு, வர்றது வரட்டும்."

மன்றத்து டிவியில்

பொங்கலன்று குவார்ட்டர்ஸ் மனமகிழ் மன்றத்தில் போட்டோம். அண்ணன் கடைசி வரிசையில், கைகளை அக்குளில் இடுக்கியபடி. ரூபாய் மறைந்ததும் யாரோ, "ரிவைண்ட் பண்ணு மாமே!" என்றார்கள். பண்ணினேன். மெதுவாக ஓட்டச் சொன்னார்கள். ஓட்டினேன். அண்ணன் கண்ணை மூடிக்கொண்டார். திரையில் இடது விரலிடுக்கில் ரூபாய் மினுங்குகிறது. கூட்டம் மொத்தமும் வலது கையையே உற்றுப் பார்க்கிறது.

எல்லோரும் கலைந்தபின் பட்டாபிராமிலிருந்து வந்திருந்த ஒரு அம்மா மட்டும் அண்ணனிடம் வந்து நின்றார்.

"இதுல உன் வேல இன்னா கீது? அல்லாம் கேமராக்காரப் புள்ள வெட்டி ஒட்னது. வர்ற ஞாயித்துக்கெழம எங்க ஊட்டுக்கு வந்து நேர்ல செய்யி, அப்ப ஒத்துக்கறேன்."

சொல்லிவிட்டு அவரும் செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டார். என் வாழ்நாளில் ஒரு இடத்தில்கூட வெட்டாமல் எடுத்த ஒரே படத்துக்கு, வெட்டி ஒட்டியதற்காகத்தான் பேர் கிடைத்தது.