ராக்கம்மாள் மாற்றிய மண்டபம்

ராக்கம்மாளுக்குக் கூடப்பிறந்தவர் ஒரே ஒரு அண்ணன்தான், வீரமலை. மணப்பாறைப் பக்கம் தெருவுக்கு ஒரு வீரமலை உண்டு. இவர் கிணறு வெட்டிய மூக்கனின் மகன் வயிற்றுப் பேரன் என்று சொன்னால்தான் அந்தப் பக்கத்து ஆட்களுக்குப் பிடிபடும். அப்பனும் ஆத்தாளும் ஆறு மாதம் முன்னே பின்னே போய்ச் சேர்ந்துவிட, தங்கச்சியைத் திருச்சியில் கொத்தனார் அடைக்கலத்துக்குக் கட்டிக்கொடுத்தவர் வீரமலைதான். அடைக்கலமும் அந்நியமில்லை, ஒன்றுவிட்ட அத்தை மகன்.

அந்த அடைக்கலம் சாரத்திலிருந்து விழுந்து செத்தபோது மகள் தேவதர்ஷினிக்கு ஏழு வயது. ராக்கம்மாள் புத்தூரில் ஒரு ஆஸ்பத்திரியில் ஆயா வேலைக்குப் போனாள். தங்கச்சி தனியாகிவிட்டாளே என்று வீரமலையும் பெண்டாட்டியோடு ஊரை விட்டுக் கிளம்பித் திருவானைக்காவலுக்கு வந்தார். ஸ்ரீரங்கத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில் வேலை கிடைத்தது. கூட்டுவது, தண்ணீர் இறைப்பது, பந்தி முடிந்தால் எச்சில் இலை எடுப்பது. முகூர்த்த நாளென்றால் மத்தியானம் மூன்று மணிக்குச் சைக்கிளில் காவேரிப் பாலம் தாண்டி வருவார். தூக்குவாளியில் சாம்பார் இருக்கும், மிஞ்சிய ஜாங்கிரி இருக்கும். "மருமகளே, இன்னிக்கு யாரு கல்யாணம் சொல்லு பாப்போம்?" என்று வாசலிலேயே குரல் கொடுப்பார். தேவதர்ஷினி வளர்ந்தது ஊரார் வீட்டுக் கல்யாணச் சோற்றில்தான்.

அவள் படித்து கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலைக்கும் போனாள். சித்தார்த் என்கிற பையன் வீட்டிலிருந்து கேட்டு வந்தார்கள். பையனின் அம்மா ரிட்டயர்டு டீச்சர், தங்கமான குணம். அவர்கள் பெண் பார்க்க வந்த அன்று முகூர்த்த நாள், வீரமலைக்கு லீவு கிடைக்கவில்லை. நிச்சயதார்த்தமும் கல்யாணத்துக்கு முந்தின சாயங்காலம் மண்டபத்திலேயே என்று பேசிக்கொண்டார்கள். அதனால் டீச்சரம்மா தாய்மாமனைக் கண்ணால் பார்த்ததில்லை.

மண்டபத்தைப் பிடித்தது வீரமலைதான். ஒரு நாள் முகமெல்லாம் பல்லாக வந்தார்.

"ராக்கு, ஆவணியில ஒரே ஒரு தேதிதான் காலியா இருந்துச்சு. நாலு பேரு போட்டி. மேனேஜரு நமக்குத்தான் எழுதிட்டாரு."

"உங்க மண்டபமாண்ணே?"

"பின்னே? இருபது வருஷம் எல்லாருக்கும் தண்ணி ஊத்தினேன். அன்னிக்கு ஒரு நாள் மொதப் பந்தியில மொத இலையில உக்காரப் போறேன். ஒரு அப்பளம் பத்தாதுடி எனக்கு, இப்பவே சொல்லிப்புட்டேன்."

ராக்கம்மாள் சிரித்துவிட்டாள். அண்ணன் அப்படிச் சந்தோஷமாகப் பேசி அவள் கேட்டு வெகுநாளாகியிருந்தது.

அடுத்த வாரம் டீச்சரம்மா மண்டபத்தைப் பார்க்க வேண்டும் என்று சொன்னதால் ராக்கம்மாள் கூட்டிப்போனாள். அண்ணன் இன்றைக்கு வெள்ளை வேட்டி கட்டி வாசலில் நிற்பார், அறிமுகப்படுத்திவிடலாம் என்று நினைத்திருந்தாள். ஆனால் முந்தின நாள் கல்யாணக் குப்பை அப்படியே கிடந்தது. உள்ளே நுழையும்போதே ஆபீஸ் ரூமிலிருந்து ஒரு சத்தம்.

"யோவ் வீரமலை! லேடீஸ் கக்கூஸ் அடைச்சுக்கிட்டு நிக்குது, எங்கய்யா போய்த் தொலைஞ்ச?"

"தோ வந்துட்டேங்க!"

அண்ணன் ஓடிவந்தார். முழங்காலுக்கு மேலே மடித்துக் கட்டிய லுங்கி, தலையில் துண்டு, கையில் மூங்கில் குச்சி, காலெல்லாம் சேறு. டீச்சரம்மா புடவையை லேசாகத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஒதுங்கினார்.

"பாவம், வயசானவரா இருக்காரு. யாருங்க, உங்களுக்குத் தெரிஞ்சவரா?"

அந்த நேரத்தில் ராக்கம்மாளின் நாக்கில் எது வந்து உட்கார்ந்ததோ தெரியாது. "இல்லீங்க. இங்க வேலை பாக்குற ஆளுங்க" என்றாள்.

நாலு எட்டுத் தள்ளித்தான் வீரமலை நின்றார். அவர் தங்கச்சி முகத்தை ஒரு தரம் பார்த்தார். பிறகு துண்டை அவிழ்த்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு சொன்னார்:

"வாங்கம்மா. சாப்பாட்டு ஹால் மாடியிலங்க. படி ஈரமா இருக்கு, பாத்து ஏறுங்க." அப்புறம் ராக்கம்மாள் பக்கம் திரும்பி, "நீங்களும் பாத்து ஏறுங்கம்மா" என்றார்.

கூடப்பிறந்தவளை 'அம்மா, நீங்க' என்று அழைத்தார். அவளைக் காப்பாற்றத்தான் அப்படிச் செய்தார். அது தெரிந்ததால் அவளுக்கு இன்னும் சுட்டது. மாடியில் டீச்சரம்மா என்ன கேட்டார், தான் என்ன பதில் சொன்னோம், ஒன்றும் அவள் மனசில் நிற்கவில்லை.

அன்றிலிருந்து அந்த மண்டபம் அவளுக்கு முள்ளாகிவிட்டது. அங்கே கல்யாணம் நடந்தால் என்ன ஆகும்? தாய்மாமன் பட்டுத்துண்டு போட்டு மணவறையில் நிற்பார். கீழே யாராவது, "யோவ் வீரமலை, குழாய் திறந்து கிடக்குய்யா" என்று கத்துவான். டீச்சரம்மா திரும்பி அவரைப் பார்ப்பார். அப்புறம் தன்னைப் பார்ப்பார். கட்டுகிற சேலையைப் பற்றிக்கூட யோசிக்க முடியாமல் ராக்கம்மாளுக்கு இதே நினைப்பு. இன்னொரு மண்டபமென்றால் அண்ணனும் புது வேட்டி சட்டையில் வந்து நிற்பார், அன்றைக்குப் பார்த்த ஆள் என்று யாருக்கும் தோன்றாது. ஒருத்தரும் அவரை ஏவ மாட்டார்கள். அவருக்கும் அதுதானே மரியாதை? இப்படித் தனக்குத்தானே சொல்லிச் சொல்லி ஒரு நியாயத்தைக் கட்டிக்கொண்டாள்.

மன்னார்புரத்தில் ஒரு மண்டபத்தில் யாரோ வேண்டாமென்று விட்ட அதே தேதி கிடைத்தது. கொடுத்த அட்வான்ஸ் போனால் போகட்டும் என்று ஸ்ரீரங்கத்து மண்டபத்துக்கு போனிலேயே வேண்டாமென்று சொல்லிவிட்டாள். அண்ணனிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. பத்திரிகை அடிக்குமுன் பக்குவமாகச் சொல்லிக்கொள்ளலாம் என்றிருந்தாள். ஆனால் ஆபீஸ் நோட்டிலிருந்து அவர்கள் பெயரை வெட்டிய அன்றைக்கே மேனேஜர் அவரிடம் சொல்லிவிட்டார்.

மறுநாள் காலையில் வீரமலை வந்தார். உட்காரவில்லை.

"ஏன் ராக்கு மண்டபத்தை மாத்துன?"

"மாப்பிள்ளை வீட்டுக்காரங்க கார் நிறுத்த எடம் பத்தாதுன்னாங்கண்ணே."

"அப்படியா? அந்தம்மா எறங்கிப் போறப்ப எங்கிட்டதான், 'மண்டபம் நல்லா விசாலமா இருக்குங்க, கார் நிறுத்தவும் தாராளமா எடம் இருக்கு'ன்னு சொல்லிட்டுப் போச்சு."

ராக்கம்மாள் முந்தானையைத் திருகிக்கொண்டு நின்றாள்.

"அன்னிக்கு நீ சொன்னதை நான் ஒண்ணும் பெருசா எடுத்துக்கலை. நான் நின்ன கோலம் அப்படி. யாரா இருந்தாலும் வாய் கொழறும். மனுசங்கதானே. சரி, கல்யாணத்தன்னிக்கு எல்லார் முன்னாலயும் அண்ணன்னு கூப்புடப்போறா, அதோட சரியாப்போச்சுன்னு இருந்துட்டேன்."

"அண்ணே..."

"இலை எடுக்குற ஆறு பேரும் சேர்ந்து எனக்கு வேட்டி சட்டை எடுத்து வச்சிருக்காங்க. 'அன்னிக்கு ஒரு வேலை தொடக்கூடாது, நீங்க மாமனா உக்காருங்க, உங்க இலைக்கு நாங்க பரிமாறுறோம்'னானுங்க. மேனேஜரு எந்திரிச்சு நின்னு கை குடுத்தாரு. அவனுங்க கேட்டா நான் என்ன சொல்லட்டும்?"

காலில் விழப்போனவளை அவர் தோளைப் பிடித்து நிறுத்தினார்.

"விடு. மருமக கல்யாணம் குறையில்லாம நடக்கும். நான் வந்துருவேன்."

வந்தார். சொந்தக் கைக்காசில் எடுத்த வேட்டி சட்டையில், ஏழு தட்டுச் சீரோடு வந்தார். மருமகளுக்கு மாலை போட்டார், நெற்றியில் பட்டம் கட்டினார். அப்பன் இல்லாத பிள்ளைக்கு அவரும் அண்ணியும்தான் தாரை வார்த்தார்கள். தாலி ஏறியபோது எல்லாரையும்விடச் சத்தமாக அழுதவரும் அவர்தான்.

முதல் பந்தி உட்காரும்போது ராக்கம்மாள் தேடினாள். ஆளைக் காணோம். சமையல்கட்டு, மாப்பிள்ளை ரூம், வாசல் எல்லாம் பார்த்தாள். டீச்சரம்மாவே எதிரில் வந்தார்.

"சம்பந்தி, உங்க அண்ணன் எங்கிட்ட சொல்லிட்டுக் கெளம்பினாரே. மண்டபத்துல வேலை இருக்குதாம். சாப்பிட்டுப் போங்கன்னு எவ்வளவோ சொன்னேன், கேக்கலை." கொஞ்சம் தயங்கிவிட்டு, "அன்னிக்கு ஸ்ரீரங்கத்துல பார்த்தோமே, அவருதானே? மாலை போடுறப்பவே தெரிஞ்சுது. அப்பவே சொல்லியிருந்தா நான் ஒரு கும்பிடு போட்டிருப்பேனேங்க" என்றார்.

ராக்கம்மாள் அங்கேயே ஒரு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். தாரை வார்த்துக் கொடுத்த தாய்மாமன் கை நனைக்காமல் போனால், அந்த உறவுக்கு என்ன அர்த்தம் என்று எங்கள் பக்கத்தில் சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியும்.

ஆனால் வீரமலை உறவை வெட்டிக்கொள்ளவில்லை. அதுதான் ராக்கம்மாளுக்குத் தாங்கவில்லை. நல்லது கெட்டது எல்லாவற்றுக்கும் வருகிறார். அவளுக்குக் காய்ச்சல் என்றால் முதலில் வந்து நிற்பதும் அவர்தான். உட்கார்ந்து பேசுகிறார், மருமகளைப் பற்றி விசாரிக்கிறார். இவள் இலையைப் போட்டால் மட்டும் எழுந்துவிடுவார்.

"இப்பதான் சாப்புட்டேன் ராக்கு."

காலை ஒன்பது மணிக்கு வந்தாலும் அதே பேச்சு. மத்தியானம் மூன்று மணிக்கு ஒட்டிய வயிற்றோடு வந்தாலும் அதே பேச்சு. அவளும், "ஒரு வாய் காப்பியாவது குடிங்கண்ணே" என்று ஒவ்வொரு தடவையும் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறாள்.