ஒன்று தசம் ஐந்து

எங்கள் வீட்டில் ஜேர்மன் மொழிக்குப் பொறுப்பு அக்கா. வெளிநாட்டவர் அலுவலகத்துக்குப் போனாலும் பல் வைத்தியரிடம் போனாலும் அப்பா முன்னால் நடப்பார், அக்கா பக்கத்தில் நின்று பேசுவாள். அந்தப் பதவியில் எனக்குப் பெரிய கண். ஒரே ஒரு நாள் அது என் கைக்கு வந்தது. அந்த ஒரு நாளில் நான் செய்த நாசம் எங்கள் குடும்பத்துக்கு இருபத்தைந்து வருடத்துக்குப் போதும்.

தொண்ணூறுகளின் தொடக்கம். வுப்பர்டாலில் இருந்தோம். எனக்கு எட்டு வயது, அக்காவுக்குப் பதின்மூன்று. அக்கா பனித்தரையில் நடனமாடப் பழகிக்கொண்டிருந்தாள். அது தொடங்கியதே ஒரு வேடிக்கை. பள்ளிக்கூடத்தில் எல்லாரையும் சறுக்குமண்டபத்துக்குக் கூட்டிப்போன அன்று, மற்றப் பிள்ளைகள் சுவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நிற்க, சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் பரதம் பழகிய என் அக்கா அரைமண்டியில் இருந்தபடியே வழுக்கிக்கொண்டு போயிருக்கிறாள். அங்கிருந்த பயிற்சியாளர் அம்மா அந்த முழங்காலைக் கண்டு அசந்துபோனார். முழங்கால் மடங்காதவருக்கு இந்த ஆட்டம் வராதாம். பயிற்சிக்குப் பணம் வேண்டாம், பிள்ளையை அனுப்புங்கள் என்று வீட்டுக்கே வந்து கேட்டார்.

தனியாகச் சறுக்குவது என்றுதான் அப்பா நினைத்திருந்தார். சோடியாக ஆடுவது என்று அவருக்கு ஒருவரும் சொல்லவில்லை. சொல்ல வேண்டியவள் மொழிபெயர்ப்பாளர். அவள் அந்தப் பகுதியை விழுங்கிவிட்டாள். ஒருநாள் பயிற்சி முடியுமுன் கூட்டிவரப் போன அப்பா, எங்கள் தெருப் பேக்கரிக்காரரின் மகன் தன் மகளின் இடுப்பில் கை வைத்துச் சுழல்வதைக் கண்டார். அப்பாவின் முகத்தில் இரத்தமே இல்லை. அக்காவைக் கூப்பிட்டு, "கையை மட்டும் பிடிச்சால் காணாதோ எண்டு கேள்" என்றார். அக்கா என்ன கேட்டாளோ, பயிற்சியாளர் அம்மா விழுந்து விழுந்து சிரித்தார்.

அம்மாவின் அண்ணனான மாமா அடுத்த தெருவில் இருந்தார். அவர் காதுக்குச் செய்தி எட்டியதும் வீடு இரண்டுபட்டது. "குமர்ப்பிள்ளையை வைச்சுக்கொண்டு உதென்ன கூத்து? சனம் என்ன கதைக்கும்?" என்று மாமா குதித்தார். அக்கா சாப்பிடாமல் இரண்டு நாள் கிடந்தாள். கடைசியில் அப்பா ஒரு தீர்ப்புச் சொன்னார். "டுசல்டோர்ஃபில போட்டி வருகுதெல்லோ. அதில நல்ல மார்க் எடுத்தால் விடுறன். இல்லாட்டில் இதோட சரி." அன்றிலிருந்து அக்கா காலுறையோடு வீட்டு நடைக்கூடத்தில் சறுக்கிச் சறுக்கிப் பழகினாள். கீழ் வீட்டுக்காரர் கூட்டும் தும்புத்தடியால் தன் வீட்டுக் கூரையில் இடித்து அலுத்துப்போனார்.

போட்டிக்கு மாமா மாமியோடு அவர்களின் காரில் அடைந்துகொண்டு போனோம். சேலைக்கு மேல் குளிர்க்கோட்டும் கையில் மீன் ரோல்ஸ் பெட்டியுமாக அம்மா. மாமா தோல்வியைப் பார்க்கவென்றே வந்திருந்தார். ஒவ்வொரு சோடி ஆடி முடிந்ததும் ஐந்து நடுவர்கள் ஆளுக்கொரு எண் அட்டையைத் தூக்கிப் பிடித்தார்கள்.

"பிள்ளை, இதென்ன கணக்கு?" என்று அப்பா என்னிடம் கேட்டார்.

அக்கா ஆடுகிறவர்களோடு அந்தப் பக்கம் நின்றதால் பதவி என்னிடம் வந்துவிட்டது. எனக்கு அந்த வருடம்தான் வகுப்பில் மார்க் போடத் தொடங்கியிருந்தார்கள். ஜேர்மன் பள்ளிக்கூடத்தில் ஒன்றுதான் உச்சம். ஆறு வாங்கினால் பெயில். "ஒண்டு எண்டால் திறம் அப்பா. கூடக் கூடப் பழுது" என்றேன். தெரியாததைத் தெரியாது என்று சொல்லும் பழக்கம் எனக்கு இன்றைக்கும் குறைவு.

முதலில் வந்த சோடி மிதந்து மிதந்து ஆடியது. மூன்று தசம் நான்கு, மூன்று தசம் ஐந்து என்று அட்டைகள் எழுந்தன. அம்மா உச்சுக் கொட்டினார். எங்களுக்கு முன்வரிசையில் அந்தச் சோடியில் ஆடிய பெண்ணின் தாய் சிரித்தபடி இருந்தார். கவலையை மறைக்கச் சிரிக்கிறார் என்று அம்மாவுக்கு இரக்கம் பொங்கிவிட்டது. ஒரு ரோல்ஸை எடுத்து அவர் கையில் வைத்து, "கவலைப்பட வேண்டாமெண்டு சொல்லு" என்றார். சொன்னேன். அந்தப் பெண்மணி ரோல்ஸையும் எங்களையும் மாறி மாறிப் பார்த்தார்.

பிறகு அக்காவும் பேக்கரிக்காரரின் மகனும் வந்தார்கள். அம்மா தைத்த நீலச் சட்டையில் அக்காவை எனக்கு அடையாளமே தெரியவில்லை. பாதிவரை அவர்கள் ஒரு பிசகும் இல்லாமல் ஆடினார்கள். மாமாகூட வாயை மூடிக்கொண்டு பார்த்தார். திடீரென்று பையனின் சப்பாத்துக் கத்தி அக்காவின் சப்பாத்தில் கொழுவிச் சிக்கியது. இருவரும் குப்புற விழுந்தார்கள். எழுந்தார்கள். இசை அவர்களை விட்டுவிட்டு ஓடியது. அதைப் பிடிக்கப் போய் அக்கா இன்னொரு தரம் விழுந்தாள். அம்மா வாயைப் பொத்திக்கொண்டார். அப்பா தலையைக் குனிந்துகொண்டார்.

அட்டைகள் எழுந்தன. ஒன்று தசம் ஆறு. ஒன்று தசம் ஏழு. ஒன்று தசம் ஐந்து.

"அப்பா! ஒண்டு! எல்லாம் ஒண்டு!" என்று கத்தினேன்.

எங்கள் வரிசை முழுவதும் துள்ளி எழுந்தது. அம்மா கை தட்டினார், மாமி கை தட்டினார். "விழுந்தாலும் வெள்ளைக்காரன் நீதியாய்த்தான் போடுறான்" என்று மாமாவே கை தட்டினார். அப்பா இரண்டு விரலை வாயில் வைத்து ஒரு விசில் அடித்தார். அப்பாவுக்கு விசிலடிக்கத் தெரியும் என்பதே எனக்கு அன்றுதான் தெரியும். மண்டபத்தில் வேறு ஒரு சத்தமும் இல்லை. எல்லாத் தலையும் எங்கள் பக்கம் திரும்பியிருந்தது. பனியின் நடுவில் அக்கா எங்களையே பார்த்துக்கொண்டு நின்றாள். கன்னம் நனைந்திருந்தது.

"சந்தோசத்தில அழுறாள்" என்றார் அம்மா.

அப்பா மாமாவிடம் திரும்பினார். "சொன்ன சொல் சொன்னதுதான். இனி அவள் விரும்பின மட்டும் ஆடட்டும். ஒருத்தரும் குறுக்க நிக்கப்படாது."

அப்போதுதான் பேக்கரிக்காரர் படியேறி வந்தார். பிள்ளைகள் விழுந்ததில் உங்களுக்கு அப்படி என்ன சந்தோசம் என்று கேட்டார். எனக்கு ஒவ்வொரு சொல்லும் விளங்கியது.

"என்னவாம்?" என்றார் அப்பா.

"வாழ்த்துச் சொல்லுறார்" என்றேன்.

அப்பா அந்த மனிதரைக் கட்டிப்பிடித்து முதுகில் தட்டிக்கொடுத்தார். அந்த முகத்தை நினைத்தால் எனக்கு இப்போதும் உடம்பு கூசும்.

ஒலிபெருக்கியில் இடங்களை வாசித்தார்கள். ஒன்பது சோடிகளில் அக்கா ஒன்பதாவது. 'கடைசி' என்ற ஜேர்மன் சொல்லை அப்பா தான் வேலைசெய்த உணவக அடுப்படியில் நன்றாகவே கற்றிருந்தார். மெல்லத் திரும்பி, "பிள்ளை, ஒண்டு பெரிசோ, ஆறு பெரிசோ?" என்று கேட்டார். நான் அழத் தொடங்கினேன். பனி ஆட்டத்தில் ஆறுதான் உச்சமாம், சிறுவருக்கு மூன்றே பெரிய மார்க். ஒருவரும் அடிக்கவில்லை, ஏசவில்லை. தூரத்தில் அக்கா வருவதைக் கண்டதும் அம்மா அவசரமாகச் சொன்னார்: "அவளுக்கு முன்னால ஒருத்தரும் இந்தக் கதை எடுக்கக் கூடாது. கடைசியாய் வந்த பிள்ளை, நொந்துபோவாள்."

காரில் அப்பா, "நீ தொடர்ந்து ஆடு பிள்ளை, நான் சொல்லிப்போட்டன்" என்றார். அக்கா யன்னலைப் பார்த்தபடி இருந்தாள். வீடு வந்து இறங்கும்போதுதான் வாய் திறந்தாள். "இனி நீங்கள் ஒருத்தரும் என்னைப் பாக்க வரவேண்டாம்."

"ஓம்" என்றார் அப்பா.

அக்கா அதன் பிறகு ஒன்பது வருடம் ஆடினாள். பேக்கரிக்காரரின் மகன் விலகிப்போக வேறு இருவரோடு சோடி சேர்ந்தாள். ஹம்பேர்க்கில் வென்றாள், பத்திரிகையில் படம் வந்தது, பிறகு அதே முழங்கால்தான் காலை வாரியது. ஒவ்வொரு போட்டிக்கும் அப்பாதான் கார் ஓட்டிப் போவார். மண்டபத்து வாசலில் அவளை இறக்கிவிட்டு, முடியும்வரை காரிலேயே இருப்பார். எங்கள் ரோல்ஸ் வாசமும் அப்பாவின் விசிலும் அவளுக்கு வெட்கம் என்று நாங்கள் முடிவு கட்டியிருந்தோம். எனக்கு அவள்மேல் கோபமும் இருந்தது.

அந்தப் போட்டிக்கு இருபத்தைந்து வருடம் கழித்து, அப்பா இறந்து அந்தியேட்டிக் கிரியை முடிந்த மத்தியானம், சாப்பாட்டுப் பந்தியில், முதுமையில் வாயைக் கட்ட முடியாத மாமா அந்த மார்க்கையும் விசிலையும் நினைத்துச் சிரித்துச் சிரித்துக் கதை சொல்லத் தொடங்கினார். பரிமாறிக்கொண்டிருந்த அக்கா அப்படியே நின்றாள்.

"என்ன மார்க்? ஆர் பிழையாய்ச் சொன்னது?"

நான் சொன்னேன். அவள் சோற்றுச் சட்டியோடு தரையில் குந்திவிட்டாள்.

"நான் விழுந்திட்டன், இனி ஆடமாட்டன் எண்ட சந்தோசத்தில அப்பா விசிலடிச்சவர் எண்டெல்லோ நினைச்சனான். பிறகு ஆடு எண்டு சொன்னது, பாவம் பாத்து எண்டு."

எட்டு வயதில், நான் செய்த பிழை வீட்டில் எல்லாரையும்போல அக்காவுக்கும் எப்படியோ தெரிந்திருக்கும் என்றுதான் நினைத்தேன். அது தெரிந்தே ஆகவேண்டிய ஒருத்திக்கு மட்டும் நாங்கள் சொல்லாமல் காத்தோம் என்பது எனக்கு அப்போது விளங்கவில்லை. விளங்கிய அன்று அப்பா போய் முப்பத்தொரு நாள்.